ஏழாம் எண் பல்

பல்லக்கா என்று முதலில் யார் கூப்பிட்டது என்பது ஆய்வகத்தில் யாருக்கும் தெரியாது. கூப்பிட்டவர் வேலையை விட்டுப் போயிருப்பார். பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. அவளுக்கும் அதில் வருத்தம் இல்லை. மண்ணுக்கடியிலிருந்து வரும் பழைய பல்லை வாங்கித் துடைத்து, அறுத்து, மாவாக அரைத்துக் கொடுக்கிறவளை வேறு எப்படித்தான் கூப்பிடுவது? “என் பல்லு கொட்டினாலும் இந்தப் பேரு கொட்டாது” என்று அவளே சொல்லிச் சிரிப்பாள்.

ஆய்வகம் என்ன செய்கிறது என்பதற்கு அங்கே படித்தவர்கள் பக்கம் பக்கமாக விளக்கம் வைத்திருந்தார்கள். அவள் வீட்டில் சொன்ன விளக்கம் ஒரு வரி. “யாரு எங்கேருந்து கிளம்பி எந்த வழியா எங்க போய்ச் சேந்தாங்கன்னு பாக்குறோம்.” நம் மரபணுவில் தாய் வழியாக மட்டும் இறங்கி வருகிற ஒரு துண்டு உண்டு. அம்மாவிடம் இருப்பது அப்படியே பிள்ளைகளுக்கு வரும். மகள் அதைத் தன் பிள்ளைகளுக்குக் கொடுப்பாள். மகனோடு அது நின்றுவிடும். எத்தனையோ தலைமுறைக்கு ஒருமுறை அதில் ஓர் எழுத்து மாறும். அந்த மாற்றங்களைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே போனால், எந்தக் கூட்டம் எந்தக் கரையோரமாக நடந்தது, எங்கே இரண்டாகப் பிரிந்தது என்று சொல்லிவிடலாம். கூடத்துச் சுவரில் ஒரு பெரிய உலகப் படம் மாட்டி, அதன் மேல் சிவப்பும் நீலமுமாக அம்புக்குறிகள் போட்டிருந்தார்கள். எல்லாம் வழவழவென்று அழகான அம்புகள். கிளம்பினவர்கள் அத்தனை பேரும் பத்திரமாகப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள் என்பதுபோல இருக்கும் பார்ப்பதற்கு.

பல்லக்கா வேலை செய்தது உள்ளறையில். அதற்குள் போவதென்றால் சாதாரண விஷயமில்லை. தலை முதல் கால் வரை வெள்ளை உடுப்பு, முகமூடி, கையில் ஒன்றன் மேல் ஒன்றாக இரண்டு உறை. மேசையை பிளீச் போட்டுத் துடைத்து, நீல விளக்கைப் போட்டு, காத்திருந்து, அதன் பிறகுதான் பல்லைத் தொடவேண்டும். “செத்து ஐயாயிரம் வருஷம் ஆனவனுக்கு இந்த உபசாரம். உயிரோட இருக்கிற எனக்கு ஒரு டம்ளர் டீக்கு வழியில்ல” என்பார் அவள் கணவர். அவர் லிஃப்ட் மெக்கானிக். நாளெல்லாம் கிரீஸில் புரண்டு வருகிறவருக்கு, இத்தனை சுத்தத்தைக் கேட்டாலே சிரிப்பு வரும்.

ஆனால் அந்தச் சுத்தத்துக்குக் காரணம் இருந்தது. பழைய பல்லில் மிஞ்சியிருக்கும் மரபணு கண்ணுக்குத் தெரியாத துளி. அரைக்கிறவள் ஒரு தும்மல் போட்டால் போதும், பழைய மனிதன் காணாமல் போய் அவன் இடத்தில் தும்மினவள் வந்து நிற்பாள். அதனால் ஆய்வகத்துக்குள் கால் வைக்கும் எல்லாரும் முதலில் ஒரு குழாயில் எச்சில் துப்பிக் கொடுக்கவேண்டும். இயக்குநர் மேடம் கொடுத்திருந்தார். தண்ணீர்க் குழாய் ரிப்பேருக்கு வந்தவர்கூடக் கொடுத்திருந்தார். ஒரு பல்லிலிருந்து வரும் தாய்வழித் துண்டு இவர்களில் யாருடையதோடாவது பொருந்தினால், அது மாசு. தூக்கிப் போட்டுவிடவேண்டும், மேற்கொண்டு அதில் நேரம் செலவழிக்கக்கூடாது. நல்ல விதிதான். அதில் எங்கேயாவது ஓர் ஓட்டை இருந்தால், பின்னால் நடந்ததற்கு அதன் மேல் பழியைப் போட்டுவிட்டுக் கொஞ்சம் ஆறலாம், தேடினாலும் கிடைக்காது.

இத்தனை வருடத்தில் பல்லக்காவின் கையால் ஒரு மாசு வந்ததில்லை. புதிதாக வருகிறவர்களுக்கு மேடம் அவளைத்தான் காட்டுவார். அவளும் வெளியே அடக்கமாக நின்றுகொண்டு, உள்ளுக்குள் ஒரு சுற்றுப் பெருத்துத்தான் வீட்டுக்குப் போவாள்.

புது இயந்திரம் வந்து எல்லாரும் மறுபடி எச்சில் கொடுத்த அன்று, கணினியில் எல்லாவற்றையும் ஒப்பிட்டுப் பார்க்கும் கணக்குப்பிள்ளை அவளுடைய வழியையும் பார்த்துச் சொன்னான். கணக்குப்பிள்ளை என்பதும் ஆய்வகம் வைத்த பெயர்தான்; முகத்தை நிமிர்த்தாமல் எண்களையே பார்த்துக்கொண்டிருக்கிற ஆள். “அக்கா, உங்க ஆளுங்க ரொம்ப அபூர்வம். இந்த மாத்தம் இருக்கிற வேற ஒருத்தரை நான் பாத்ததே இல்ல. கடலோரமா ரொம்ப தூரம் வந்திருக்காங்க.” அவளுக்குக் கூடப்பிறந்தவர்கள் இல்லை, அம்மாவும் போய்ச் சேர்ந்தாகிவிட்டது. அபூர்வமாக இல்லாமல் என்ன செய்யும்?

வீட்டில் இதைப் பெருமையாகச் சொன்னபோது மகன் வாய்விட்டுச் சிரித்தான். ஒரே பிள்ளை. வால் என்று கூப்பிட்டு வளர்த்த பிள்ளை. மீசை முளைத்த பிறகும் வால்தான். வெல்டிங் படித்துவிட்டு நிலையான வேலை கிடைக்காமல் அங்கேயும் இங்கேயும் கூலிக்குப் போய்க்கொண்டிருந்தான். வெளிநாடு போகிறேன் என்று அவன் ஒற்றைக் காலில் நின்றதும், ஒழுங்கான பேப்பர் இல்லாமல் ஏஜெண்டை நம்பிப் போகாதே என்று அவள் மல்லுக்கு நின்றதும் அந்த நாட்களில்தான்.

“நடந்து வந்த வம்சம்னு நீயே சொல்ற. அப்புறம் பேரனை மட்டும் உக்காருன்னா எப்படிம்மா?”

“அவங்க கூட்டமா நடந்தாங்கடா. நீ ஒத்தையாப் போற.”

“போய்ச் சேந்துட்டு உனக்கும் ஒரு அம்பு போடுறேன் இரு.”

வாயால் அவனை ஜெயிக்க முடியாது. கடைசியில் தரை வழியாகத்தான் போகவேண்டும், தண்ணீர்ப் பக்கமே போகக்கூடாது என்று வாக்கு வாங்கிக்கொண்டு விட்டாள். லாரி, பஸ், நடை என்று எல்லை எல்லையாகத் தாண்டி, ஒவ்வோர் ஊரிலிருந்தும் போன் செய்தான். கடைசியாகப் பேசியபோது குரல் துள்ளியது. “அம்மா, பட்டறையில வேலை கிடைச்சிருச்சு. உள்ள போன் எடுத்துட்டுப் போக விடமாட்டாங்களாம். கொஞ்ச நாள் பேச முடியாது. பயந்துக்காதே.”

அவள் பயந்துகொள்ளவில்லை, கோபப்பட்டாள். கொஞ்ச நாள் என்பது மாதங்கள் ஆயின. தினமும் வேலை முடிந்து வெளியே வந்ததும் அவன் எண்ணை அழுத்துவாள். அணைக்கப்பட்டிருக்கிறது என்று ஒரு பெண் குரல் சொல்லும். அந்தக் குரல்காரிமேல்கூட அவளுக்குக் கோபம். “வரட்டும், காதைத் திருகுறேன். பெத்தவளுக்கு ஒரு வார்த்தை சொல்ல அப்படி என்ன நேரமில்ல?” மகன் பேச்சை எடுத்தாலே கணவர் எதையாவது கழற்றிப் பூட்ட ஆரம்பித்துவிடுவார்.

அந்தச் சமயத்தில்தான் ஆய்வகத்துக்கு வேறு மாதிரியான பெட்டி ஒன்று வந்தது.

எங்கேயோ ஒரு தூர தேசத்துக் கரையில் படகு கவிழ்ந்திருக்கிறது. ஒதுங்கிய உடல்களில் பேப்பர் இல்லை, அடையாளம் இல்லை. அந்த ஊர்க்காரர்கள் எண் போட்டுப் புதைத்துவிட்டு, ஆளுக்கு ஒரு பல்லை மட்டும் எடுத்து வைத்திருந்தார்கள். இவர்கள் உலகத்தின் எந்தப் பக்கத்து மக்கள் என்று சொன்னால் போதும், அந்தப் பக்கத்தில் விசாரிக்கலாம் என்று கேட்டு அனுப்பியிருந்தார்கள். மேடம் உடனே ஒத்துக்கொண்டார். “எப்பவும் பழைய எலும்பையே கட்டி அழறோம். இந்த ஒரு தடவை, காத்துட்டிருக்கிற அம்மா அப்பாவுக்கு ஏதாவது செய்வோம்” என்றார். நல்ல மனுஷி.

பல்லக்கா அந்தப் பற்களை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தபோது அவளுக்கு என்னவோபோல இருந்தது. அவள் பார்த்துப் பழகியவை மண்நிறத்தில் இருக்கும். இவை வெள்ளையாக, நேற்றுவரை எதையோ மென்றவைபோல இருந்தன. வெளியே வந்து கணக்குப்பிள்ளையிடம் சொன்னாள்: “பெத்தவங்க எந்த ஊர்ல உக்காந்து போனைப் பாத்துட்டு இருக்காங்களோ. சீக்கிரம் பாத்துச் சொல்லிடுப்பா.” சொல்லிவிட்டுத் தன் போனை எடுத்து வழக்கம்போல எண்ணை அழுத்தினாள். குரல்காரி வழக்கம்போலச் சொன்னாள்.

முடிவுகள் வந்தன. மற்றப் பற்களெல்லாம் ஏதோ ஒரு மூலையைக் காட்டின. ஏழாம் எண் மட்டும் பல்லக்காவைக் காட்டியது.

“அக்கா, ஏழுல நீங்கதான் உக்காந்திருக்கீங்க. எழுத்துக்கு எழுத்து.”

“போடா, கேலி பண்ணாதே” என்றாள். கேலி இல்லை என்று அவன் திரையைத் திருப்பிக் காட்டினான். அவளுக்கு முகம் சுண்டிவிட்டது. நல்லவேளை, பல்லில் பாதியைத்தான் அரைத்திருந்தாள். மறுபாதியை எடுத்துக்கொண்டு உள்ளறைக்குப் போனாள். மேசையைத் துடைத்ததையே மறுபடி துடைத்தாள். உறையை மாற்றி மாற்றிப் போட்டாள். பல்லின் மேற்பரப்பைச் சீவி எடுத்துவிட்டு, மூச்சை அடக்கிக்கொண்டு, துகள் சிந்தாமல் கடைசிவரை அரைத்தாள். அத்தனை கவனமாக அவள் எந்தப் பல்லையும் அரைத்ததில்லை.

மறுபடியும் அவளேதான் வந்தாள்.

மேடத்துக்குப் பொறுமை போய்விட்டது. அந்த நாட்டிலிருந்து எப்போது, எப்போது என்று கேட்டுக்கொண்டிருந்தார்கள், பல்லோ தீர்ந்துவிட்டது. கூடத்தில் எல்லாரும் இருக்கும்போதே கேட்டுவிட்டார். “ஒரு தடவைன்னா கைதவறிடுச்சுன்னு விடலாம். ரெண்டு தடவையுமா?”

“இல்ல மேடம். என் மூச்சுக்காத்துகூட அதுல படல.”

“அப்புறம் உங்க டி.என்.ஏ. தானா நடந்து போய் உள்ள உக்காந்துச்சா?”

யாரோ கிளுக்கென்று சிரித்தார்கள். பல்லக்காவுக்குக் காது மடல் சுட்டது. “என் பிள்ளை மேல சத்தியமாச் சொல்றேன் மேடம். நான் எந்தத் தப்பும் பண்ணல.”

சத்தியத்தை வைத்துக்கொண்டு ஆய்வகம் என்ன செய்யும்? ஏழாம் எண் மாசு பட்டது, முடிவு சொல்ல இயலவில்லை என்று அந்த நாட்டுக்குப் பதில் போயிற்று. பல்மாவைக் கரைத்து எடுத்ததில் மிச்சமிருந்த சொட்டையும் பிளீச்சில் கொட்டிவிட்டார்கள். கொஞ்ச நாளைக்கு உள்ளறைப் பக்கம் வரவேண்டாம், வெளியே குழாய்களுக்கு லேபிள் ஒட்டுங்கள் என்று அவளுக்கு உத்தரவாயிற்று.

வீட்டுக்கு வந்ததும் வராததுமாகக் கணவரிடம் கொட்டித் தீர்த்தாள். அவர் அப்போதுதான் தட்டைப் போட்டு உட்கார்ந்திருந்தார்.

“இத்தனை வருஷம் மாடா உழைச்சதுக்கு நல்ல மரியாதைங்க. எல்லார் முன்னாடியும் நிக்க வெச்சுக் கேக்குறாங்க. எவனோ ஒருத்தன் பல்லுல என் ரத்தம் இருக்காம். எப்படி வரும்? சொல்லுங்க, எப்படி வரும்?”

“விடும்மா, பழசுன்னா அப்படி இப்படித்தான் இருக்கும்.”

“பழசா? இது போன மழைக்கு முன்னாடி செத்தவங்க. பாவம், கடல்ல படகு கவுந்து போன பசங்க.”

அவர் கையில் எடுத்த சோற்றை வாய்க்குக் கொண்டுபோகவில்லை. “எந்தக் கடல்?” என்றார்.

அவள் சொன்னாள். எந்தக் கரையில் ஒதுங்கினார்கள் என்றும் சொன்னாள். சொல்லிவிட்டு மறுபடி மேடத்தைத் திட்ட ஆரம்பித்தாள். அவர் எழுந்து கைகழுவப் போனார். குழாய் திறந்த சத்தம் கேட்டது. மூடிய சத்தம் கேட்கவில்லை. தண்ணீர் வீணாகிறதே என்று அவள் எழுந்து போய்ப் பார்த்தாள். அவர் கையைக் குழாயடியில் நீட்டியபடி அப்படியே நின்றிருந்தார்.

“அவன் தரை வழியாப் போகலம்மா” என்றார்.

“யாரு?”

“கடைசியா எங்கிட்டயும் பேசினான். படகுல ஏறப் போறேன்பா, அம்மாகிட்ட பட்டறைன்னு சொல்லிட்டேன், நீயும் சொல்லிடாதேன்னான். அக்கரைக்குப் போனதும் நானே சொல்றேன்னான்.” அந்தக் கடலைத்தான் அவன் சொல்லியிருந்தான். அந்தக் கரையைத்தான். படகு ஒன்று கவிழ்ந்த செய்தியை அவர் கேட்டிருந்தார். கடலில் ஒரு படகா போகிறது என்று தன்னைத் தானே சமாதானம் செய்துகொண்டு, நாளைக்குப் போன் வரும், நாளைக்குப் போன் வரும் என்று இத்தனை மாதத்தையும் விழுங்கியிருந்தார்.

அவள் அவரை அடித்தாள். நெஞ்சிலும் தோளிலும் கைபோன இடத்திலெல்லாம் அடித்தாள். அவர் தடுக்கவில்லை. அடித்துக் கை ஓய்ந்ததும் சட்டென்று அவர் சட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

“இல்லங்க. அது மாசுங்க. மேடமே சொல்லிட்டாங்க. என் கையிலேருந்து பட்டதுதான்.”

“நீதானே இப்போ படவே இல்லன்னு சொன்ன?”

“ரோஷத்துல சொன்னேன். படாமலா இருக்கும்? ரெண்டு தடவையும் பட்டிருக்கும்.”

“நிச்சயமாவா?”

“நிச்சயமாங்க.”

அதற்குப் பிறகு இருவரும் உட்கார்ந்து அவளுடைய தப்பைத் தேடினார்கள். இப்படியும் ஒரு தேடல் உண்டா என்று கேட்கக்கூடாது; பெற்றவர்கள் எதைத்தான் தேடமாட்டார்கள்? உறை போடுமுன் போனைத் தொட்டாயா என்று அவர் கேட்டார். தொட்டேன் என்றாள். முகமூடி கொஞ்சம் தளர்ந்திருக்குமோ? தளர்ந்துதான் இருந்தது. மணிக்கட்டில் அரித்ததே, சொறிந்தாயா? சொறிந்திருப்பேன், நினைவில்லை, ஆனால் சொறிந்திருப்பேன். தப்பு பெரிதாகப் பெரிதாக அவர் முகத்தில் உயிர் வந்தது. அந்த முகத்தைப் பார்த்து அவள் இன்னும் இரண்டு தப்புகளைச் சேர்த்துக்கொண்டாள்.

காலையில் மேடத்தின் அறைக் கதவைத் திறப்பதற்கு முன்பே வாசலில் போய் நின்றாள்.

“மேடம், நான்தான். ஏழாம் நம்பரை நான்தான் கெடுத்தேன். கிளவுஸ் கிழிஞ்சிருந்துச்சு. பாத்தேன், மாத்தல.”

மேடம் அவளை ஏற இறங்கப் பார்த்தார். “நேத்து பிள்ளை மேல சத்தியம் பண்ணீங்களே?”

“பொய் சத்தியம் மேடம். அவன் மேல அது பலிக்காது. நான் பொய் சொன்னா எனக்குத்தானே வரணும்? தும்மினேன் மேடம். ரெண்டாவது தடவையும் தும்மினேன். என்னை வேலையை விட்டு அனுப்பிடுங்க. என் தப்புன்னு மட்டும் சொல்லிடுங்க.”

தப்பை ஒத்துக்கொள்ள வருகிறவள் இப்படிக் கெஞ்சிக்கொண்டு நிற்கமாட்டாள். மேடம் அவளை உட்கார வைத்து, என்ன நடந்தது என்று கேட்டார். அவள் படகைப் பற்றிச் சொன்னாள். கேட்டு முடித்த மேடம் ஏழாம் எண்ணின் கோப்பை எடுத்துப் புரட்டினார். பிறகு கணக்குப்பிள்ளையைக் கூப்பிட்டார்.

சொட்டு போனாலும் இயந்திரம் படித்த எழுத்துகள் கணினியில் இருந்தன. தாய்வழித் துண்டு ஆய்வக ஆட்களின் பட்டியலில் பொருந்தியதோடு நிறுத்திவிட்டார்கள். மாசில் மேற்கொண்டு பார்க்க ஒன்றுமில்லை என்பதால் மற்ற எழுத்துகளை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. “அது ஆம்பளையோடதா பொம்பளையோடதான்னு மட்டும் பாருங்க” என்றார் மேடம். பல்லக்காவுடைய எச்சில் என்றால் பெண்ணாகத்தானே இருக்கவேண்டும்? அவள் அதைப் புரிந்துகொண்டு வேகமாகத் தலையாட்டினாள். “பொம்பளையாத்தான் இருக்கும். பாருப்பா, நீயே பாரு” என்று அவன் நாற்காலியின் பின்பக்கத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அவன் பார்த்தான். முதல் பாதியைப் பார்த்தான், இரண்டாம் பாதியைப் பார்த்தான். எப்போதும் எண்களைவிட்டு நிமிராத ஆள், அன்றைக்குத் திரையைப் பார்க்கமுடியாமல் தலையைத் திருப்பிக்கொண்டான்.

“அக்கா... ஆம்பளை.”

“கலந்திருக்கும்ப்பா. என்னோடதும் வேற யாரோடதுமா கலந்திருக்கும்.”

“கலக்கலக்கா. ஒரே ஆளு.”

“இன்னொரு தடவை ஓட்டு.”

“பல்லு இல்லக்கா.”

ஏன் இல்லை என்று கேட்க வாயெடுத்தவள், கேட்காமல் நிறுத்திக்கொண்டாள். தன் இரண்டு உள்ளங்கைகளையும் விரித்துப் பார்த்தாள். பெற்றபோது இந்தக் கையில்தான் வாங்கினாள். அறுத்ததும் இதே கைதான். அறுக்கும்போது கைக்கு ஒன்றும் தோன்றவில்லை. மேடம் எழுந்து வந்து அவள் தோளைப் பிடித்தார். “மன்னிச்சிருங்கக்கா” என்றார். மேடம் அவளை அக்கா என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. ஏழாம் எண் குழி எங்கே இருக்கிறது என்று அந்த நாட்டிடம் இன்றைக்கே கேட்கிறேன் என்றும் சொன்னார். அவள் காதில் அது விழுந்ததா என்று தெரியவில்லை.

வெளியே வந்து, சுவரில் சாய்ந்துகொண்டு, கணவரைக் கூப்பிட்டாள். அவர் வேலைக்குப் போயிருந்தாலும் போனைக் கையிலேயே வைத்திருந்திருக்கவேண்டும். முதல் மணி முழுதாக அடிப்பதற்குள் எடுத்துவிட்டார்.

“கேட்டியா? உன் தப்புதான்னு சொல்லிட்டாங்களா?” என்றார். குரலில் அத்தனை ஆசை.

“இல்லங்க” என்றாள். “நான் ஒரு தப்பும் பண்ணலையாம்.”